அம்மா ஒட்டிய டப்பா

நாரணாபுரத்தில் எங்கள் தெருவில் சாயங்காலமானால் டப்பா ஒட்டும் வேலை நடக்கும். சிவகாசி அச்சகங்களில் அடித்து வெட்டிய அட்டை கட்டுக்கட்டாக வீட்டுக்கு வரும். மடித்து, பசை தடவி ஒட்டிக் கொடுத்தால் ஆயிரத்துக்கு இவ்வளவு என்று கூலி. அம்மா பகலில் பட்டாசு ஆலைக்குப் போய்விட்டு வந்து ராத்திரி ஒட்டுவார். நான் கல்லூரிக்குப் போனதில் பாதி அந்தப் பசைக் காசு.

போன மாதம் அம்மாவை முதன்முறையாக ஒரு சூப்பர் மார்க்கெட்டுக்கு அழைத்துப் போனேன். மசாலா டப்பா ஒன்றை எடுத்தவர் விலையைப் பார்க்கவில்லை. ஒட்டு சரியாக விழுந்திருக்கிறதா என்று ஓரத்தைத் தடவிப் பார்த்தார். வீட்டில் வந்து திறந்தால் உள்ளே பளபளவென்று இன்னொரு கவர்.

"உள்ள ஒண்ணு இருக்கையில வெளிய இது என்னத்துக்குடா?" என்றார். தன் கூலியைப் பற்றித்தான் கேட்கிறோம் என்பது அவருக்கும் தெரியும், சிரித்துவிட்டார்.

பதில் சொல்லக்கூடியவர் பெரியப்பா. பக்கத்து ஊராட்சி ஒன்றில் தூய்மைக் காவலர். அட்டையைக் காயலான் கடையில் எடுப்பார்கள், தண்ணீர் பாட்டிலையும் எடுப்பார்கள். அந்தப் பளபளப்புக் கவரை மட்டும் எவரும் எடுப்பதில்லை. பிளாஸ்டிக்கும் அலுமினியமும் மையும் அடுக்கடுக்காக ஒட்டிக் கிடப்பதால் பிரிக்க முடியாது. காசு பெறாத அந்தக் கவரையும் மற்ற குப்பையிலிருந்து கையால் பிரித்தெடுப்பது அவர்தான். நாங்கள் அருந்ததியர் என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டுமா? துப்புரவுப் பணியாளர் என்ற பெயர் தூய்மைப் பணியாளர் என்று மாறியது. வேலைக்கு நிற்கும் சாதி மாறவில்லை.

தோழர்களே, சட்டத்தையும் பாருங்கள். தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் கேரி பேக் தடை. ஆலையிலேயே அடைத்து வரும் பாக்கெட்டுக்கு அன்று விலக்கு கொடுத்தார்கள். எங்கள் பக்கம் சோதனைக்கு வந்தவர்கள் பூக்கார அக்காவிடமும் இட்லிக் கடையிலும்தான் நின்றார்கள். ஒன்றிய அரசின் 2016 விதிகள், மறுசுழற்சி செய்ய முடியாத பல அடுக்குப் பிளாஸ்டிக்கை இரண்டே ஆண்டில் நிறுத்தச் சொன்னன. 2018இல் திருத்தினார்கள்: எரித்து ஆற்றல் எடுக்க முடிந்தாலோ, வேறு ஏதாவது பயன் இருந்தாலோ நிறுத்த வேண்டியதில்லை. சிமெண்ட் ஆலைச் சூளையில் எல்லாமே எரியும். பிறகு எதை நிறுத்துவது?

ஆனால் அதே விதிகளில், கவரைச் சந்தைக்கு அனுப்பிய நிறுவனமே அதைத் திரும்பச் சேகரிக்க ஏற்பாடு செய்ய வேண்டும் என்பதும் இருக்கிறது. இதைப் பெரியப்பாவிடம் படித்துக் காட்டினேன். இன்னொரு முறை படிக்கச் சொன்னார்.

அக்டோபர் 2 கிராம சபைக்கு அவரோடு போகிறேன். அம்மா கவர்களைக் கழுவிக் காயவைத்து ஒரு சாக்கு நிறையச் சேர்த்திருக்கிறார். அதைத் தூக்க இன்னும் இரண்டு பேர் வேண்டும்.