யாரும் வெட்டச் சொல்லவில்லை

தமிழ் சினிமா வயதான பெண்களை நடத்தும் விதம் பற்றி நான் பல மேடைகளில் பேசியிருக்கிறேன். நன்றாகவே பேசுவேன். 1975இல் 'அபூர்வ ராகங்கள்' படத்தில் ஸ்ரீவித்யாவின் கணவராக அறிமுகமானவர் ரஜினிகாந்த். 1991இல் 'தளபதி'யில் அதே ஸ்ரீவித்யா அவருக்குத் தாய். இத்தனைக்கும் ரஜினியைவிட இளையவர். சுஜாதா 'அவர்கள்' படத்தில் அவருக்கு மனைவி, 'உழைப்பாளி'யில் அம்மா. 'பராசக்தி'யில் சிவாஜிக்கு ஜோடியாக நடித்த பண்டரிபாய், 1968இல் 'குடியிருந்த கோயில்' வந்தபோது தம்மைவிடப் பத்து வயதுக்கு மேல் மூத்த எம்.ஜி.ஆரைப் பெற்றவர். இதைச் சொன்னதும் அரங்கில் சிரிப்பு வரும். பிறகு கைத்தட்டல். அந்தக் கைத்தட்டல் எனக்குப் பிடிக்கும்.

அப்படிப் பேசியவள் செய்த காரியம் இது.

ஒரு படத்துக்கு வசனம் எழுதினேன். கதாநாயகனின் அம்மா சிறிய ஊரில் மெஸ் நடத்துகிறாள். மகன் சென்னைக்குக் கூப்பிடுகிறான். வரமாட்டேன் என்கிறாள். அழாமல் சொல்கிறாள். உங்கப்பா இருந்தவரை அவருக்குச் சமைத்தேன், இப்போது காசுக்குச் சமைக்கிறேன், இதுதான் நன்றாக இருக்கிறது என்கிறாள். மகன் வாயடைத்து நிற்பதோடு காட்சி முடியும். நான் எழுதியவற்றில் உருப்படியானது அது ஒன்றுதான்.

ஒரு மூத்த நடிகையிடம் கதை சொல்லப் போனது நான்தான். அந்தக் காட்சியைச் சொல்லித்தான் சம்மதிக்கவைத்தேன். அதை நம்பி, ஒரு தொடரில் வந்த மாமியார் வேடத்தை விட்டார். மாதாமாதம் சம்பளம் வரக்கூடிய வேலை அது.

படப்பிடிப்பு நெருங்கியதும் எனக்குப் பயம் வந்தது. கதாநாயகன் பதில் பேச முடியாமல் நிற்பதை அவர் தரப்பு ஏற்குமா? கோபம் வந்தால் அடுத்த படம் எனக்கு வருமா? யாரும் எதுவும் கேட்கவில்லை. நானே ஓர் இரவு உட்கார்ந்து காட்சியை எடுத்தேன். அந்த இடத்தில் அம்மாவுக்கு நெஞ்சுவலி வரவழைத்தேன். மகன் அவளைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறான். எழுத நேரமே ஆகவில்லை. அத்தனை பழகிய கை.

ஆறு நாள் கால்ஷீட் இரண்டு நாளானது. நாள் கணக்கில்தான் அவருக்குச் சம்பளம். முதல் நாள் மேக்கப்போடு வந்து, "ஏம்மா, அந்த மெஸ் சீன் என்னைக்கு? வீட்ல சொல்லிச் சொல்லி மனப்பாடம் ஆயிடுச்சு" என்றார்.

"நீளம் அதிகமாயிடுச்சும்மா. மேல வெட்டிட்டாங்க" என்றேன்.

மேலே யாரும் இல்லை. அவர் ஒன்றும் சொல்லாமல் போய்க் கட்டிலில் படுத்தார். நெஞ்சைப் பிடித்துக்கொள்ளச் சொன்னார்கள். பிடித்துக்கொண்டார். முதல் டேக்கிலேயே ஓகே ஆனது.

ஒரு பெண்ணே இப்படிச் செய்யலாமா என்று கேட்பீர்கள். செய்தேன். எனக்கும் ஐம்பது தாண்டிவிட்டது. டிஸ்கஷனுக்குப் போகும்போதெல்லாம் தலைக்குச் சாயம் பூசிக்கொண்டு போகிறவள் நான். வயசாயிடுச்சு என்று ஒதுக்கிவிடுவார்களோ என்ற என் பயத்துக்கு அவரைப் பலி கொடுத்தேன். கிழவிகளின் கதை ஓடாது என்று சாக்குச் சொல்லவும் எனக்கு வழியில்லை. கே.பி. சுந்தராம்பாளின் 'ஔவையார்' 1953இல் ஓடியது. மனோரமாவைப் பாட்டியாக்கித் தலைப்பிலும் ஏற்றிய 'பாட்டி சொல்லைத் தட்டாதே' 1988இல் ஓடியது. இந்த இரண்டும்கூட என் மேடைப் பேச்சில் உண்டு.

படம் வந்த பிறகு இயக்குநர் பேச்சோடு பேச்சாகக் கேட்டார். "அந்த மெஸ் சீன் நல்லாத்தானே இருந்துச்சு மேடம்? நீங்க எடுத்தா காரணம் இருக்கும்னு விட்டுட்டேன்." கதாநாயகன் அந்தக் காட்சியைப் படிக்கவே இல்லையாம்.

பிறகு ஒரு திருமணத்தில் அந்த நடிகையைப் பார்த்தேன். தொடரில் அவர் விட்ட வேடத்தை வேறொருவர் இன்னும் செய்துகொண்டிருந்தார். இவருக்கு அதன்பின் ஒன்றும் அமையவில்லை. "அந்தப் பையன்தானே வெட்டச் சொன்னது?" என்றார், கதாநாயகனைக் குறித்து. நான் தலையாட்டினேன். "நீயாவது எனக்காக ஒரு சீன் எழுதினியே" என்று என் கையைப் பிடித்தார். அதற்கும் தலையாட்டினேன்.