கூட்டத்தில் ஒருவர்

படம் பார்க்கும்போது எனக்கு ஒரு பழக்கம் உண்டு. ஹீரோ கோர்ட்டில் பொங்கிப் பொங்கி வசனம் பேசுவார். என் கண் மட்டும் பின் பெஞ்சில் இருப்பவர்கள் மேல் போய்விடும். காரணம், எங்கள் மாடியில் குடியிருந்த பெரியம்மா. இருபது வருஷம் துணை நடிகையாக இருந்தவர். கல்யாண வீடு, ஆஸ்பத்திரி, சாவு வீடு என்று சினிமாவில் அவர் உட்காராத இடமில்லை.

"நடிக்கிறது எங்க வேலை இல்லடா. காத்துக்கிட்டு இருக்கறதுதான் வேலை" என்பார். விடியற்காலையில் ஏஜென்ட் சொன்ன இடத்தில் வேன் ஏற வேண்டும். புடவை பெரும்பாலும் சொந்தம்தான். பிறகு மரத்தடி. லைட்டிங் முடியணும், ஹீரோ வரணும், மேகம் விலகணும். கூப்பிட்டதும் ஓடிப்போய் அதே நாற்காலியில், அதே கையை அதே கன்னத்தில் வைத்து உட்காரணும். கன்டின்யூட்டி! சாயங்காலம் ஏஜென்ட் கமிஷன் போக மீதி கைக்கு வரும்.

இதில் ஒரு வேடிக்கை. ஸ்டார் ஆக நினைப்பவர்கள் கேமராவில் முகம் தெரிய அலைவார்கள். பெரியம்மாவோ முதுகு தெரியும் இடமாகப் பார்த்து நிற்பார். சாவு வீட்டில் முகம் நன்றாகப் பதிந்துவிட்டால், அதே படத்தின் கல்யாண வீட்டில் உட்கார வைக்க மாட்டார்களே! முகம் தெரிந்தால் வேலை நாள் குறையும்.

அந்த முகத்துக்கே இப்போது ஆபத்து வந்திருக்கிறது. 1982-ல் வந்த 'காந்தி' படத்தின் இறுதி ஊர்வலக் காட்சிக்காக 1981 ஜனவரி 31 அன்று டெல்லியில் 3 லட்சம் பேர் கூடினார்கள். இன்றைக்கு அந்தக் கூட்டத்தைக் கம்ப்யூட்டரே கூட்டிவிடும். 2023-ல் ஹாலிவுட் நடிகர்கள் 118 நாள் வேலைநிறுத்தம் செய்ததற்கு இதுவும் ஒரு காரணம். துணை நடிகரை ஸ்கேன் செய்து, ஒரு நாள் சம்பளம் கொடுத்து, அந்த உருவத்தை எப்போதும் பயன்படுத்திக்கொள்ளப் பார்க்கிறார்கள் என்றது சங்கம். ஸ்டூடியோக்கள் மறுத்தன. கடைசியில், டிஜிட்டல் நகலுக்குச் சம்மதம் வேண்டும் என்பது ஒப்பந்தத்தில் ஏறியது.

பி.காம். படிக்கிறவன் கண்ணுக்கு இது ஒரு கணக்குப் பதிவாகத் தெரிகிறது. தினக்கூலி என்பது வருவாய்ச் செலவு, அன்றோடு தீர்ந்தது. இயந்திரம் வாங்கினால் மூலதனச் செலவு, வருஷக் கணக்கில் உழைக்கும். ஸ்கேன் என்ன? கூலி விலையில் வாங்கிய இயந்திரம்! தேய்மானம் கிடையாது, மத்தியானச் சாப்பாடு கிடையாது, மரத்தடியும் வேண்டாம். முதலாளிக்கு அருமையான பேரம். விற்றவருக்கு? அவருடைய அடுத்த வேலையை அவர் முகமே பறித்துக்கொள்ளும்.

கம்ப்யூட்டர் வரக்கூடாது என்று நான் சொல்லவில்லை. ஹாலிவுட்டில் கேட்டதைக் கோடம்பாக்கத்திலும் எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். நகல் எடுக்கச் சம்மதம், ஒவ்வொரு முறை பயன்படுத்தும்போதும் தனிப் பணம். ஒரு நாள் சம்பளம் ஒரு நாளைக்குத்தான்.