ஜென்சன் யார் மகன்?

நுழையும்முன்

நம் பெயரை நாம் தேர்ந்தெடுப்பதில்லை. அது நமக்கு முன்னவர் தந்த கொடை. ஒரு பெயர் எங்கே பிறந்தது, எவ்வழியே நடந்தது, யாரை நினைவூட்டுகிறது என்று தேடிப் பார்த்தால் வரலாறே விரியும். அத்தகைய ஒரு பெயரின் பயணத்தை இக்கட்டுரை கூறுகிறது.

பெயர்களைப் படிப்பதில் எனக்குத் தனி விருப்பம் உண்டு. தமிழகத்திற்கு வெளியே உள்ள பள்ளிகளில் பல்லாண்டுகளாகத் தமிழ் கற்பித்து வருகிறேன். ஆகவே, மாணவர் பெயர்ப் பட்டியல் எனக்கு ஒரு நூலைப் போன்றது. அதில் சர்மாவும் பாட்டீலும் முகர்ஜியும் அடுத்தடுத்து இடம்பெற்றிருப்பர். அவர்களிடையே தமிழ்க் குழந்தைகளின் பெயர்கள் மட்டும் சற்றுத் தயங்கி நிற்பன போலத் தோன்றும். 'குடும்பப்பெயர்' என்னும் கட்டத்தில் என்ன எழுதுவது என்று பெற்றோர் பலர் என்னிடம் கேட்பதுண்டு. சிலர் தந்தையின் பெயரை எழுதுவர். சிலர் ஊர்ப்பெயரை எழுதுவர். சிலர் தலைப்பெழுத்தை மட்டும் எழுதி நிறுத்திவிடுவர்.

ஒருமுறை என் வகுப்பில் ஜென்சன் என்னும் மாணவன் இருந்தான். கன்னியாகுமரி மாவட்டத்திலிருந்து வந்து குடியேறிய குடும்பம் அவனுடையது. "உன் பெயர் தமிழும் அன்று, இந்தியும் அன்று. அதற்குப் பொருளே இல்லை" என்று உடன்பயில்வோர் அவனைச் சீண்டுவர். அவனும் அதனை நம்பியிருந்தான். பொருளில்லாத பெயர் என்று ஒன்று உண்டா? அவன் பொருட்டு அப்பெயரின் வேரைத் தேடத் தொடங்கினேன்.

ஜென்சன் என்பது ஸ்காண்டிநேவிய நாடுகளான டென்மார்க்கிலும் நார்வேயிலும் வழங்கும் குடும்பப்பெயர். நீல்சன், ஜென்சன், ஹான்சன் ஆகிய மூன்றும் டென்மார்க்கில் மிகப் பெருவழக்காக உள்ளவை. அந்நாட்டார் அதனை 'யென்சன்' என்று ஒலிப்பர். பெயரின் இறுதியில் உள்ள 'சன்' என்பதற்கு 'மகன்' என்பது பொருள். யென்ஸ் என்பவரின் மகன் யென்சன். நீல்ஸ் என்பவரின் மகன் நீல்சன். மகளாயின் 'டாட்டர்' என்னும் சொல் சேரும். யென்ஸின் மகள் யென்ஸ்டாட்டர் ஆவாள்.

டென்மார்க்கு நமக்கு முற்றிலும் அயலான நாடும் அன்று. 1620ஆம் ஆண்டில் தஞ்சை இரகுநாத நாயக்கருடன் உடன்படிக்கை செய்துகொண்டு, டேனிய வணிகர் தரங்கம்பாடியில் தங்கினர். அவர்கள் கட்டிய டான்ஸ்பொர்க் கோட்டை இன்றும் அங்கே கடலை நோக்கி நிற்கிறது. 1845ஆம் ஆண்டில் அவ்வூரை ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டு அவர்கள் நீங்கினர்.

பழைய டேனியச் சிற்றூர் ஒன்றை மனத்தில் எண்ணிக்கொள்ளுங்கள். அங்கே யென்ஸ் என்னும் உழவர் வாழ்கிறார். அவருடைய தந்தை நீல்ஸ். எனவே, அவர் யென்ஸ் நீல்சன். அவருக்கு மகன் பிறந்தால், தம் தந்தையின் பெயரை அவனுக்கு இடுவார். அவன் நீல்ஸ் யென்சன் ஆவான். அவனுக்குப் பிறக்கும் மூத்த மகனோ மீண்டும் யென்ஸ் நீல்சன். இவ்வாறு பின்னொட்டு தலைமுறைதோறும் மாறும். பாட்டனின் பெயர் பேரனிடம் திரும்பி வரும்.

இதனைப் படித்தபோது எனக்கு வியப்பைவிட உறவுணர்ச்சியே மிகுந்தது. தமிழில் 'பேரன்' என்னும் சொல் 'பெயரன்' என்பதன் மரூஉ. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் பெயரன். பாட்டியின் பெயரைத் தாங்குபவள் பெயர்த்தி. அவளே பேத்தி ஆனாள். டேனிய உழவர் வழக்கமாகக் கொண்டதை நம் மொழி ஓர் உறவுப்பெயராகவே ஆக்கி வைத்திருக்கிறது.

இவ்வழக்கம் டென்மார்க்கில் எப்படி மாறிற்று? ஓர் ஊரில் பத்து யென்ஸ் நீல்சன்கள் இருந்தால் வரி தண்டுவோர் என்செய்வர்? நிலம் யாருடையது, மரபுரிமை யாருக்கு, படைக்கு அழைக்கப்பட்டவர் யார் என்று தெளிவது அரிது. ஆகவே, அரசு நிலையான குடும்பப்பெயரை விரும்பியது. 1526ஆம் ஆண்டில் மன்னர் முதலாம் பிரெடெரிக் உயர்குடியினர் நிலையான பெயர் கொள்ள வேண்டும் என்று ஆணையிட்டார். பொதுமக்களுக்கான ஆணை 1828ஆம் ஆண்டில் வந்தது. திருமுழுக்கின்போதே குழந்தைக்குக் குடும்பப்பெயரையும் சேர்த்துப் பதிய வேண்டும் என்பது அதன் கருத்து. ஊர்ப்புறத்தார் உடனே இணங்கவில்லை. பழைய வழக்கம் மேலும் சில பத்தாண்டுகள் தொடர்ந்தது. பின்னர், ஓடிக்கொண்டிருந்த ஆறு பனியாய் உறைந்ததுபோல, பெயர்களும் உறைந்து நின்றன.

உறைந்தபின் பொருளும் பெயரும் பிரிந்தன. யென்ஸ் என்னும் தந்தை இல்லாதவரும் யென்சன் ஆனார்; பெண்களும் 'மகன்' என்னும் ஈற்றைத் தாங்கினர். உலகக் குழந்தைகளுக்கெல்லாம் கதை சொன்ன ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சனை நீங்கள் அறிவீர்கள். ஆண்டர்சன் என்றால் 'ஆண்டர்ஸின் மகன்'. ஆனால், செருப்புத் தைக்கும் தொழிலாளியான அவர் தந்தையின் பெயரோ ஹான்ஸ். பழைய முறைப்படி மகன் ஹான்சன் ஆகியிருக்க வேண்டும். 1805ஆம் ஆண்டில் அவர் பிறந்தபோதே அக்குடும்பத்தின் பெயர் நிலைத்துவிட்டது.

ஸ்காண்டிநேவிய மரபைச் சேர்ந்த ஐஸ்லாந்து மட்டும் பழைய வழக்கத்தை இன்றளவும் காத்து வருகிறது. அங்கே பெரும்பாலோர்க்குக் குடும்பப்பெயர் இல்லை. தந்தை அல்லது தாயின் பெயரோடு மகன், மகள் என்னும் சொற்களைச் சேர்த்துக்கொள்வர். 1980ஆம் ஆண்டில் அந்நாட்டின் குடியரசுத் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட விக்டிஸ் பின்போகடோட்டிர், மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்ட உலகின் முதல் பெண் குடியரசுத் தலைவர். 'பின்போகடோட்டிர்' என்றால் 'பின்போகியின் மகள்' என்பதே பொருள். அச்சிட்ட தொலைபேசிக் கையேட்டிலும் ஐஸ்லாந்தியர் தம் இயற்பெயரின் அகரவரிசையிலேயே இடம்பெற்று வந்தனர். குடும்பப்பெயர் இல்லாமல் ஒரு நாடே சிறப்பாக நடைபெறுகிறது!

இனி, யென்ஸ் யார் என்று காண்போம். யென்ஸ் என்பது 'யோஹான்னஸ்' என்னும் பெயரின் டேனியச் சுருக்கம். அப்பெயரின் வேர் எபிரேய மொழியில் உள்ளது. 'இறைவன் அருள் கூர்ந்தான்' என்பது அதன் பொருள். அவ்வொரு பெயரே நாடுதோறும் உருமாறிற்று. ஆங்கிலத்தில் ஜான், பிரெஞ்சில் ழான், உருசிய மொழியில் இவான், இசுபானிய மொழியில் குவான் என அது வழங்குகிறது. அரபு வழியில் யஹ்யா என்பர். தமிழில் யோவான் என்றும் அருளப்பர் என்றும் வழங்குவர். போர்ச்சுகலிலிருந்து மறவர் நாட்டிற்கு வந்து, 1693ஆம் ஆண்டில் ஓரியூரில் உயிர்நீத்த ஜான் டி பிரிட்டோ, 'அருளானந்தர்' என்று தம் பெயரைத் தமிழாக்கிக் கொண்டார். எனவே, ஜென்சன் என்னும் பெயரைத் தமிழில் பெயர்த்தால் 'அருளப்பர் மகன்' என்றாகும். இதனை நான் வகுப்பில் கூறியபோது ஜென்சன் தன் ஏட்டில் 'அருள்' என்று எழுதி, அதன்கீழ்க் கோடிட்டான். அதன்பின் அவன் பெயரை எவரும் சீண்டியதாக நான் கேட்டதில்லை.

குடும்பப்பெயரான ஜென்சன் இயற்பெயரானது எவ்வாறு? ஆங்கிலம் பேசும் நாடுகளில் குடும்பப்பெயரைக் குழந்தைக்கு முதற்பெயராக இடும் வழக்கம் உண்டு. இங்கிலாந்தில் 1980ஆம் ஆண்டில் பிறந்த ஜென்சன் பட்டன் என்பவர், 2009ஆம் ஆண்டில் பார்முலா 1 கார்ப் பந்தயத்தில் உலகப் பட்டம் வென்றார். அவருடைய தந்தையும் பந்தய வீரரே. களத்தில் தம்மோடு போட்டியிட்ட டேனிய நண்பர் ஒருவரின் குடும்பப்பெயரை அவர் தம் மகனுக்கு இட்டார். அப்பெயரில் ஒரு கார் நிறுவனமும் இருந்தமையால், வேறுபாடு விளங்க ஆங்கில எழுத்துக்கூட்டலில் ஓர் உயிரெழுத்தை மட்டும் மாற்றினார். எதிர்த்து விளையாடியவரின் பெயரைத் தம் வீட்டில் நாள்தோறும் அன்போடு அழைக்க விரும்பிய அவ்வுள்ளம் பெரிது!

மற்றொருவர் ஜென்சன் ஹுவாங். 1963ஆம் ஆண்டில் தைவானில் பிறந்து, சிறுவயதில் அமெரிக்காவில் குடியேறியவர்; கணினிச் சில்லுகளை வடிவமைக்கும் என்விடியா நிறுவனத்தை 1993ஆம் ஆண்டில் தோற்றுவித்தவர்களுள் ஒருவர். அவருடைய சீனப் பெயரின் ஒலி 'ஜென்-சுன்' என்பது. அதனை ஒத்து ஒலிக்கும் ஜென்சன் என்னும் பெயரால் உலகம் அவரை அறிகிறது. அச்சீனப் பெயரின் முதற்சொல் பிறர்பால் கொள்ளும் அன்பைக் குறிக்கும். ஒலி டென்மார்க்கினுடையது, உள்ளே இருக்கும் பொருள் சீனத்தினுடையது.

நம் தென்மாவட்டங்களிலும் ஜான்சன், வில்சன், நெல்சன், ஜென்சன் முதலியவை இயற்பெயர்களாக வழங்குகின்றன. அங்கே ஜான்சனின் தந்தை ஜான் ஆக வேண்டுவதில்லை, செல்வராசுவாகவும் இருக்கலாம். 'மகன்' என்னும் ஈற்றைத் தன்னுள் கொண்ட பெயருக்கு முன்னே, உண்மைத் தந்தையின் தலைப்பெழுத்து வந்து அமர்கிறது.

இதற்கு நேர்மாறான பயணமும் உண்டு. சர் சி.வி. இராமனின் தந்தை பெயர் சந்திரசேகர ஐயர். 'இராமன்' என்பது குடும்பப்பெயர் அன்று. பெற்றோர் இட்ட இயற்பெயரின் பகுதி. ஆயினும், 1928ஆம் ஆண்டில் அவர் கண்டறிந்த உண்மையை உலகம் 'இராமன் விளைவு' என்றே போற்றுகிறது. அவருடைய தமையன் சுப்பிரமணியத்தின் மகனுக்குப் பாட்டனாரின் பெயரே இடப்பட்டது. அப்பெயரனே வானியற்பியல் அறிஞர் சந்திரசேகர். தந்தை இரயில்வே பணியில் இருந்தமையால் அவர் 1910ஆம் ஆண்டில் லாகூரில் பிறந்தார். உங்களைப் போலவே, தமிழகத்திற்கு வெளியே பிறந்த தமிழ்க் குழந்தை! ஆராய்ச்சி மாணவராக இருந்தபோது, டென்மார்க்கின் கோபன்ஹேகன் நகரில் நீல்ஸ் போரின் ஆய்வு நிறுவனத்திலும் சில காலம் பயின்றார். 1983ஆம் ஆண்டில் நோபல் பரிசு பெற்றார். 1999ஆம் ஆண்டில் விண்ணில் ஏவப்பட்ட 'சந்திரா' விண்நோக்கியும் அவர் பெயரைத் தாங்கியே சுற்றுகிறது. பாட்டன் பெயர் பேரனிடம் வந்து, பின் வானத்திற்கும் சென்றது.

தமிழருக்குக் குடும்பப்பெயர் இல்லாமை குறைபாடு அன்று. 'மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார்' என்று ஒரு சங்கப் புலவரின் பெயர் நமக்குக் கிடைத்துள்ளது. ஊரும் தந்தையும் தாமுமாக மூன்றும் அதில் உள்ளன. பிற்காலத்தில் பலர் தம் பெயருக்குப்பின் சாதிப்பெயரைச் சேர்த்தனர். 1929ஆம் ஆண்டில் செங்கற்பட்டில் நடைபெற்ற முதல் சுயமரியாதை மாநாடு அப்பட்டங்களை விட்டொழிக்க வேண்டும் என்று தீர்மானித்தது. காலப்போக்கில் தமிழர் பலர் அதனைப் பின்பற்றினர். எனவே, நம் பெயருக்குப் பின்னே காணப்படும் வெற்றிடம் மறதியால் நேர்ந்ததன்று. எவரையும் பிறப்பால் அளக்கலாகாது என்று எண்ணிய முன்னோர் விரும்பி விட்டுச்சென்ற இடம் அது.

படிவத்தின் கட்டங்கள் அலுவலகத்தின் தேவைக்காக வரையப்பட்டவை. டென்மார்க்கின் அரசும் அத்தேவைக்காகவே பெயர்களை உறையச் செய்தது. கட்டத்தில் தந்தையின் பெயரையோ தாயின் பெயரையோ எழுதுங்கள். எல்லாச் சான்றிதழ்களிலும் அதனை ஒரே வகையாக எழுதுங்கள். அது போதும். ஆனால், உங்கள் பெயர் அக்கட்டத்திற்குள் அடங்கிவிடுவதில்லை. குடும்பப்பெயர் இயற்பெயராகலாம், இயற்பெயர் குடும்பப்பெயராகலாம். அதனை இட்டவரின் அன்பு மட்டும் இடம் மாறுவதில்லை.

விடுமுறைக்கு ஊர் செல்லும்போது தாத்தாவிடமோ பாட்டியிடமோ கேளுங்கள்: "எனக்கு இப்பெயரை ஏன் இட்டீர்கள்?" அவர்கள் சொல்லும் விடையை எழுதி வையுங்கள். எந்தப் பதிவேட்டிலும் கிடைக்காத வரலாறு அது.

சொல்லும் பொருளும்

மரூஉ – வழக்கில் திரிந்து வழங்கும் சொல்
தண்டுவோர் – வசூலிப்போர்
ஈறு – சொல்லின் இறுதிப் பகுதி
தமையன் – அண்ணன்
திருமுழுக்கு – கிறித்தவர் குழந்தைக்குப் பெயரிட்டுச் செய்யும் நீர்ச்சடங்கு

சிந்தித்து எழுதுக

1. 'பேரன்' என்னும் சொல்லுக்கும் டேனியரின் பழைய பெயரிடும் முறைக்கும் உள்ள ஒற்றுமை யாது?
2. டென்மார்க்கு அரசு நிலையான குடும்பப்பெயரை விரும்பியது ஏன்?
3. பெயருக்குப் பின்னே உள்ள வெற்றிடத்தைப் பற்றி ஆசிரியர் கூறும் கருத்தை உம் சொற்களில் எழுதுக.
4. உம் பெயரின் பொருளையும் அதனை உமக்கு இட்டவரின் விருப்பத்தையும் கேட்டறிந்து பத்து வரிகளில் எழுதுக.