கல்லடிக் கடலின் அடியில்

மட்டக்களப்புக்குப் போனால் கல்லடிக் கடற்கரையில் சற்று நின்று கிழக்கே பாருங்கள். அலைகளுக்கு அப்பால், 50 மீற்றருக்கும் கூடிய ஆழத்தில், 'ஹேர்மிஸ்' என்ற பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பல் சரிந்து கிடக்கிறது. 1942 ஏப்ரல் 9இல் ஜப்பானிய விமானங்கள் குண்டு வீசி அதை மூழ்கடித்தன. பெயர்தான் விமானந்தாங்கி, அன்று அதில் ஒரு விமானமும் இருக்கவில்லை. 307 பேர் மாண்டனர்.

அதிலிருந்தும், உடன் மூழ்கிய 'வம்பயர்' கப்பலிலிருந்தும் கடலில் தத்தளித்த சுமார் 600 பேரை ஏற்றிக் காப்பாற்றியது 'வீற்றா' என்ற ஆஸ்பத்திரிக் கப்பல். வெள்ளைப் பூச்சும் செஞ்சிலுவைச் சின்னமுமே அதன் கவசம்.

ஹேர்மிஸைக் காண இன்றும் சுழியோடிகள் வருகிறார்கள். வீற்றாவைப் பற்றிக் கேட்பார் குறைவு. பிள்ளைகளோடு அந்தக் கரையில் நிற்கும்போது, உயிர் காத்த கப்பலின் பெயரையும் சொல்லிக் கொடுங்கள்.