தாமதமும் அவமதிப்பும்

நீதிமன்றத்தின் ஆணையை ஏற்க மறுப்பவனை இனங்காணுதல் எளிது. ஆணையை ஏற்றுக்கொண்டதாகக் கூறி, அதனை நிறைவேற்றாது நாட்கடத்துபவனை இனங்காணுதல் அத்துணை எளிதன்று. நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் முன்னவன்மீது தடையின்றிப் பாய்கிறது. ஆயினும், நியமனக் கடிதத்தை எதிர்பார்த்திருக்கும் ஆசிரியரின் இளமையைக் கவர்ந்துகொள்பவன் பெரும்பாலும் பின்னவனே.

உத்தரப்பிரதேசத்தில் எழுந்த வழக்கொன்று இங்கு நோக்கற்பாலது. இந்தியாவிற் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் 2010 ஏப்ரிலில் நடைமுறைக்கு வந்தது. அதன்பின் அம்மாநிலத்தில் ஆசிரியர் தகுதித் தேர்வு நடத்தப்பெற்று, 2011 நவெம்பர் 30ஆந் திகதி 72,825 ஆரம்ப ஆசிரியர் பதவிகளுக்கு விண்ணப்பங்கள் கோரப்பட்டன. தகுதித் தேர்வின் புள்ளிகளே தெரிவுக்கு அடிப்படை என்பது அன்றைய விதி. 2012இல் ஆட்சி மாறியது, விதியும் மாறியது. முன்னைய பரீட்சைகளின் பெறுபேறுகளைக் கொண்டு தெரிவு நிகழும் எனப் புதிய அரசு திருத்தஞ் செய்தது. அத்திருத்தத்தை அலகாபாத் மேல் நீதிமன்றம் 2013 நவெம்பரில் நிராகரித்தது. அரசு உச்ச நீதிமன்றத்தை நாடிற்று. 2014 மார்ச் 25ஆந் திகதி, பன்னிரண்டு வாரங்களுள் வெற்றிடங்களை நிரப்புமாறு அந்நீதிமன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது. அத்தவணை யூன் நடுப்பகுதியில் முடிந்தது. டிசெம்பரிலும் அதே நியமனங்களுக்காக மீண்டும் ஆணையிட வேண்டியிருந்தது. இறுதித் தீர்ப்பு 2017 யூலை 25இல் வெளிவந்தபோது, அதுவரை நியமனம் பெற்றிருந்த 66,655 பேரின் பதவிகள் காக்கப்பட்டன.

இத்தகைய வழக்குகளில் தவணை கடந்ததும் விண்ணப்பதாரர் கையில் எஞ்சுவது அவமதிப்பு மனுவே. இந்தியாவின் 1971ஆம் ஆண்டுச் சட்டம் இதற்கு ஆறு மாதம் வரையிலான வெறுஞ்சிறை, 2,000 ரூபா வரையிலான அபராதம் ஆகியவற்றை விதிக்க இடமளிக்கிறது. ஆனால், கீழ்ப்படியாமை வேண்டுமென்றே செய்யப்பட்டதாதல் வேண்டும். மனப்பூர்வமாக மன்னிப்புக் கோரினால் தண்டனை நீக்கப்படலாம். ஓராண்டு கடந்தபின் நடவடிக்கை தொடங்கவும் இயலாது.

'வேண்டுமென்றே' என்ற அச்சொல்லிலேதான் காலம் முழுவதும் மறைந்துவிடுகிறது. வெற்றிடங்களைக் கணக்கிட வேண்டும். சான்றிதழ்களைச் சரிபார்க்க வேண்டும். நிதித் திணைக்களம் இசைய வேண்டும். மேன்முறையீடு நிலுவையில் உள்ளது. இக்காரணங்களுள் ஒவ்வொன்றும் தனித்து நோக்குமிடத்து உண்மையாக இருக்கலாம். ஆணை பிறந்தபோது பதவியிலிருந்த அதிகாரி இடமாறியிருப்பார். வந்தவர் கோப்பைப் படிக்க அவகாசம் கேட்பார். அவரை மட்டும் குற்றவாளியாக்குதல் நியாயமன்று என்பதும் மெய்யே. இவ்வாறு எவருக்கும் உரியதல்லாத கீழ்ப்படியாமையொன்று உருவாகிறது. விசாரணை நாள் நெருங்கும்போது நியமனக் கடிதம் வெளியாகும்; மன்னிப்பும் மனுவோடு சேரும்; வழக்கு முடித்துவைக்கப்படும்.

நீதிமன்றத்தின் மாண்பு அத்துடன் காக்கப்பட்டதென்னலாம். கடிதம் பெற்றவரின் நிலை வேறு. அவர் இழந்த சம்பளமும் பணிமூப்பும் அம்மனுவின் எல்லைக்குள் வருவதில்லை. அவமதிப்பு அதிகாரம் நீதிமன்றத்தின் ஆணைக்கு வலுவூட்ட ஏற்பட்டதேயன்றி, நட்டஈடு வழங்க ஏற்பட்டதன்று. ஆகவே பரிகாரத்தை ஆணையிலேயே தேடுதல் தகும். பொறுப்புடைய பதவி எது, இறுதி நாள் எது என்பவற்றோடு, அந்நாளிலிருந்தே பணிமூப்பும் சம்பளமும் கணிக்கப்படும் என்பதையும் ஆணை கூறுமாயின், தாமதத்தின் சுமை தாமதிப்பவர்மேல் விழும். முன்திகதியிட்டுப் பணிமூப்பு வழங்கிய தீர்ப்புகள் இந்தியாவில் உள்ளமையால் இஃது இயலாததொன்றன்று.

அப்போதும் ஒரு தரப்பாருக்கு ஈடு இல்லை. விண்ணப்பம் கோரப்பட்ட 2011இல் முதலாம் வகுப்பிற் சேர்ந்த பிள்ளை, 2014 டிசெம்பரில் மீண்டும் ஆணை பிறந்தபோது நான்காம் வகுப்பில் இருந்தது. ஆசிரியருக்குப் பணிமூப்பை முன்திகதியிட்டு வழங்கலாம். அப்பிள்ளைக்கு வகுப்பறையிற் கழிந்த மூன்றாண்டுகளை எவ்வாணையும் முன்திகதியிட்டு வழங்க இயலாது. நியமன வழக்குகளில் அப்பிள்ளை மனுதாரருமன்று, எதிர்மனுதாரருமன்று. தவணை கேட்கும் ஒவ்வொரு முறையும் அதன் பெயரிலும் கணக்கொன்று எழுதப்படுகிறது என்பதை நீதிமன்றமும் நிருவாகமும் நினைவிற் கொள்ளுதல் வேண்டும்.