பேரில்லாத ஆல்பம்

நாஸ். நியூயார்க்ல குயின்ஸ்பிரிட்ஜ் குடியிருப்புல வளர்ந்த ராப் பாடகர். 1994-ல 'இல்மேட்டிக்' வந்தப்போ அவருக்கு வயசு 20. ராப் பிரியர்கள் இன்னிக்கும் சத்தியம் பண்றது அந்த ஆல்பத்து மேலதான். நான் சொல்ல வந்தது 2008 ஜூலையில வந்த அவரோட ஒன்பதாவது ஆல்பத்தைப் பத்தி. அதுக்குப் பேரே கிடையாது.

முதல்ல பேர் இருந்தது. 2007 அக்டோபர்ல அவரே அறிவிச்சார். அடிமைக் காலத்துலேர்ந்து கறுப்பின மக்களைக் கேவலப்படுத்தின அந்த 'என்' வார்த்தைதான் தலைப்பு. பத்திக்கிச்சு! ஜெஸ்ஸி ஜாக்சன், அல் ஷார்ப்டன் எல்லாரும் எதிர்த்தாங்க. அப்போ நியூயார்க் மாநிலச் சட்டமன்றத்துல இருந்த ஹக்கீம் ஜெஃப்ரிஸ், யுனிவர்சல் பக்கம் போட்டிருக்கிற அரசு பென்ஷன் பணம் 8.4 கோடி டாலரைத் திரும்ப எடுக்கணும்னார்.

அந்த ஜூலையிலதான் என்.ஏ.ஏ.சி.பி. டெட்ராய்ட்ல அந்த வார்த்தைக்குச் சவப்பெட்டி வெச்சு இறுதி ஊர்வலமே நடத்தியிருந்தது. புதைச்ச மூணாம் மாசமே இவர் தோண்டி எடுத்தா கோபம் வராதா? அந்த வார்த்தையைக் கேட்டுக்கிட்டே அடி வாங்கின தலைமுறை அது. அவங்க பக்கமும் நியாயம் இருக்கு.

2008 மே மாசம் நாஸ் தலைப்பை எடுத்துட்டார். அட்டைப்படத்தை மாத்தலை. சட்டையில்லாம முதுகைக் காட்டி நிக்கிறார். முதுகு பூரா சவுக்குத் தழும்பு, அதுவே 'என்' எழுத்து. பேரை அழிச்சாலும் காயம் அங்கேயேதான் இருக்கு. எனக்கு இந்த ஆல்பத்துல மறக்க முடியாதது அந்த முதுகுதான்.

விற்பனையில குறையில்லை. முதல் வாரமே பில்போர்டுல நம்பர் 1. 'ஸ்லை ஃபாக்ஸ்' பாட்டுல ஃபாக்ஸ் நியூஸை வறுத்தெடுத்தவர், ஆறு லட்சத்துக்கும் மேல கையெழுத்து இருந்த மனுவோட அந்த சேனல் வாசலுக்கே போனார். கிராமி பரிந்துரை கிடைச்சது, விருது லில் வெய்னுக்குப் போச்சு. (நாஸுக்கு முதல் கிராமி 2021-லதான் வந்தது. கொடுமை!) 2012-ல இன்னொரு பஞ்சாயத்து. சில வரிகளை வேற ஆள் எழுதினதா எழுத்தாளர் ட்ரீம் ஹாம்ப்டன் ட்விட்டர்ல சொல்ல, நாஸ் மறுத்தார்.

இசை எல்லா இடத்துலயும் ஒரே தரமில்லை, ரெண்டு மூணு பாட்டைத் தாண்டிப் போகலாம். ஆனா இத்தனை ரகளையில ஆல்பத்தோட கேள்வி காணாமப் போச்சுங்கிறதுதான் என் வருத்தம். வார்த்தையைத் தடை பண்றது சுலபம். அதை உருவாக்கின மனசை என்ன பண்றது?

ஹெட்ஃபோன் மாட்டிக்கிட்டுக் கூடவே பாடுவேன். அந்த வார்த்தை வர்ற இடத்துல மட்டும் வாயை மூடிக்குவேன். அதைச் சொல்ற உரிமை அவருக்கு இருக்கலாம். எனக்கு இல்லை. நீங்க என்ன சொல்றீங்க?