கருமத்தம்பட்டியில் ஒரு மாம்பழ பார்பெக்யூ!

நாலு பேரு. ஒரு ஹாஸ்டல் ரூம். எல்லா பாக்கெட்டையும் கவுத்தா மொத்தம் 740 ரூபாய். ஆனா ஆசை மட்டும் அமெரிக்கா ரேஞ்சுக்கு இருந்துச்சு... பார்பெக்யூ சிக்கன்!

காந்திபுரத்துல ஒரு சூப்பர் மார்க்கெட்டுக்குள்ள கெத்தா நுழைஞ்சோம். சாஸ் பாட்டிலைக் கையில எடுத்து விலையைப் பார்த்ததும் கெத்து அம்பேல்! பாதி காசு அந்தக் குட்டி பாட்டிலுக்கே போயிட்டா, அப்புறம் கோழிக்கு எங்கே போறது? பயபக்தியோட திருப்பி வெக்கப் போனப்ப, மாப்ள மட்டும் லேபிளைப் படிச்சுட்டு நின்னான். (பேரைப் போட்டா சட்டையைப் பிடிப்பேன்னு மிரட்டியிருக்கான். அதனால கடைசி வரைக்கும் அவன் 'மாப்ள'தான்!)

"தக்காளி, சர்க்கரை, வினிகர், வெங்காயம், புளி... அட, இது பூராவும் எங்கூட்டு அடுப்படியில இருக்குதுடா. மாம்பழ சீசன் வேற. சனிக்கிழமை எல்லாரும் கருமத்தம்பட்டிக்கு வாங்க. பழத்தைப் போட்டு நாமளே காச்சிடலாம்!"

கிளம்பிட்டோம்ல!

சத்தம் இல்லாத தெரு

அவிநாசி ரோட்டுல பஸ் ஏறினா பீளமேடு, சின்னியம்பாளையம், நீலாம்பூர், கணியூர் டோல்கேட்... அடுத்தது கருமத்தம்பட்டி. உப்பிலிபாளையத்துல இருந்து கோல்டுவின்ஸ் வரைக்கும் 10 கிலோமீட்டருக்கு ஜி.டி.நாயுடு மேம்பாலம் 2025 அக்டோபர்லயே திறந்தாச்சு. ஆனா எங்க பஸ்ஸுக்கு அந்த யோகம் இல்லை. கீழேயே ஒவ்வொரு காலேஜ் ஸ்டாப்லயும் நின்னு, வேடிக்கை பார்த்து, ஆடி அசைஞ்சு போய்ச் சேர்ந்துச்சு.

நால்ரோட்டுல இறங்கினா வடக்கே அன்னூர், தெற்கே சோமனூர், கிழக்கே அவிநாசி, மேற்கே நாங்க தப்பிச்சு வந்த காலேஜ். 2021-ல நகராட்சி ஆன ஊரு. பழமையான ஜெபமாலை மாதா கோயில் இருக்கு. அக்டோபர் திருவிழாவுக்கு வந்தா நிக்க இடம் கிடைக்காதாம். ஆனா மாப்ள மூணு வருஷமா எங்ககிட்ட விட்ட பில்டப் எல்லாமே ஒரு சத்தத்தைப் பத்தித்தான். "எங்க தெருவுல எதிர்ல நின்னு பேசினாக்கூட கேக்காதுடா. தறி சத்தத்துல சைகையிலதான் குடித்தனம்!"

சோமனூர், கருமத்தம்பட்டி, பல்லடம்... இந்தப் பக்கம் பூரா விசைத்தறிதான். காதைப் பொத்திக்க ரெடியா அவன் தெருவுக்குள்ள நுழைஞ்சோம். ஒரு காக்கா கத்துச்சு. தூரத்துல ஒரு டிவி ஓடுச்சு. அவ்வளவுதான்.

"என்னடா மாப்ள, கரன்ட் கட்டா?"

"இல்லடா. பாவு வரல" அப்படின்னான். அதுக்கு மேல பேசல.

உங்களுக்கும் புரியலையா? இங்கே பாதிக்கு மேல கூலி நெசவு. ஜவுளிக்காரர் பாவும் ஊடை நூலும் அனுப்புவாரு. காடாத் துணியா நெய்து கொடுத்தா, மீட்டருக்கு இவ்வளவுன்னு கூலி. பாவு வரலைன்னா தறி நிக்கும். கூலி கட்டுப்படி ஆகலைன்னாலும் நிக்கும். கூலியை உயர்த்தச் சொல்லி கோவை, திருப்பூர் மாவட்டத் தறிக்காரங்க 2022-லயும் 2025-லயும் வாரக்கணக்குல வேலைநிறுத்தம் பண்ணாங்களே, பேப்பர்ல படிச்சிருப்பீங்க. நான் படிச்சிட்டு அடுத்த பக்கம் சினிமா நியூஸுக்குத் தாவின ஆளு!

மாப்ள வீட்டுக் குடோன்ல எட்டுத் தறி ஓடினதாச் சொல்லியிருக்கான். நாங்க பார்த்தப்ப நாலுதான் இருந்துச்சு. மீதி இடத்துல சிமென்ட் தரையில போல்ட் ஓட்டையும் எண்ணெய்க் கறையும். நாலு தறியும் போன வருஷம் எடைக்குப் போயிடுச்சாம். செமஸ்டர் ஃபீஸ்! ஒரே ரூம்ல மூணு வருஷமா இருக்கோம். என் ஷாம்பூவை ஓசியில போட்டு, என் அசைன்மென்ட்டைக் காப்பி அடிச்சவன், இதை மட்டும் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

அம்முச்சி வெச்ச பரீட்சை

சோமனூர் ரோட்டோரம் ஆட்டோவுல வித்த செந்தூரா மாம்பழம் ரெண்டு கிலோ வாங்கினோம். கோழிக்குக் கவலையே இல்லை. பக்கத்துல இருக்கற பல்லடம்தான் பிராய்லர் கோழிக்குப் பண்ணை விலையையே அறிவிக்கிற ஊர்!

வாசல்ல உக்காந்திருந்த மாப்ளயோட அம்முச்சி (அம்மாவைப் பெத்தவங்க) எங்களை ஏற இறங்கப் பார்த்தாங்க. "ஏங்கண்ணு, மாம்பழத்துல கோழிக் கொழம்பா? இதைத்தான் காலேஜுல படிக்கறீங்களா?"

நான் விடுவேனா? கூகுள்ல சுட்ட அறிவை எல்லாம் எடுத்து விட்டேன். பார்பெக்யூங்கற வார்த்தை கரீபியன் தீவுகள்ல இருந்த டைனோ மக்களோட 'பார்பகோவா'வுல இருந்து ஸ்பானிஷ் வழியா வந்தது. அமெரிக்காவுல ஊருக்கு ஒரு சாஸ். கன்சாஸ் சிட்டியில தக்காளியும் வெல்லப்பாகும், வட கரோலினாவுல வினிகர், தெற்கு கரோலினாவுல கடுகு. 1837-ல இங்கிலாந்துல விற்பனைக்கு வந்த வூஸ்டர் சாஸ்ல நம்ம புளியே இருக்கு!

பொறுமையாக் கேட்ட அம்முச்சி ஒரே வரியில முடிச்சாங்க. "புளிப்பு, இனிப்பு, காரம்... இது சித்திரை ஒண்ணுக்கு நாம வெக்கற மாங்கா பச்சடிதானே! காச்சிக் கெட்டியாக்கிப் பாட்டல்ல அடைச்சுட்டா அமெரிக்காவா?"

நாங்க நாலு பேரும் கப்சிப்!

தக்காளி நறுக்கும்போது மாப்ளயோட அம்மா சொன்னது இன்னும் மறக்கல. கிணத்துக்கடவு, உடுமலை பக்கம் விலை விழுந்தா பறிகூலிகூட தேறாதுன்னு தக்காளியை ரோட்டோரம் கொட்டிட்டுப் போவாங்க. அதே தக்காளி 2023 ஜூலைல கிலோ 100 ரூபாயைத் தாண்டி நம்மளை ரசம் இல்லாம சாப்பிட வெச்சுது. "வெளைய வெக்கறவங்களுக்கு விலை இல்லீங்க தம்பி. அதைக் காச்சி பாட்டல்ல ஊத்தறவங்களுக்குத்தான் விலை" அப்படின்னாங்க. தறிக்குடோனைப் பார்த்துட்டேதான் சொன்னாங்க.

பாடம் ஆரம்பம்... நோட்ஸ் எடுத்துக்கங்க!

அரை கிலோ மாம்பழம், கால் கிலோ தக்காளி, பத்து சின்ன வெங்காயம், எட்டுப் பல் பூண்டு, ஆறு வரமிளகா, எலுமிச்சை அளவு புளி, 100 கிராம் வெல்லம், மூணு ஸ்பூன் வினிகர். கூடவே அரை ஸ்பூன் கடுகுப்பொடி, மிளகுப்பொடி, சீரகப்பொடி, உப்பு, கொஞ்சம் கடலெண்ணெய். அரை லிட்டருக்குப் பக்கமா சாஸ் வரும்.

தக்காளி, வெங்காயம், பூண்டை நேரா கொட்டாங்குச்சித் தணல்ல சுட்டு, கருகின தோலை மட்டும் உரிச்சுடணும். பாட்டில் சாஸ்ல வர்ற அந்தப் புகை வாசனை இங்கே ஃப்ரீ! மிளகாயை வெந்நீர்ல ஊற வெச்சு, மாம்பழச் சதை, சுட்ட ஐட்டங்களோட சேர்த்து மிக்ஸியில அரைச்சு வடிகட்டணும். நார்ப்பழமா இருந்தா வடிகட்டாம விட்டுடாதீங்க, பல்லு பூரா நூல் நூலாத் தொங்கும்! அடிகனமான பாத்திரத்துல எண்ணெய் ஊத்தி, அரைச்சதையும் புளிக்கரைசலையும் கொட்டி, வெல்லம், பொடி, உப்பு போட்டு சின்னத் தீயில அரைமணி நேரம் கிண்டணும். ஸ்பூனை முக்கி எடுத்தா பின்பக்கம் கோட்டிங் மாதிரி நிக்குதா? வினிகரை ஊத்தி ஒரு கொதி விட்டு இறக்கிடலாம்.

ஒரு எச்சரிக்கை பாஸ். பழக்கூழ் கொதிச்சா எரிமலை மாதிரி தெறிக்கும். என் கையில இப்பவும் மூணு புள்ளி இருக்கு. பாதி மூடி போட்டு, நீளக் கரண்டியில கிண்டுங்க.

பாட்டிலை வெந்நீர்ல கொதிக்க வெச்சு, நல்லாக் காய வெச்சு ஊத்தி, ஃபிரிட்ஜ்ல வெச்சா ரெண்டு வாரம் தாங்கும். புளியும் வினிகரும் சும்மா ருசிக்கு மட்டும் இல்லை. புளிப்பு அதிகமா இருந்தாத்தான் கிருமி சீக்கிரம் வளராது. அதனால அதுல கஞ்சத்தனம் பண்ணாதீங்க. 'நல்லா இருக்கே, வித்துப் பார்க்கலாமா'ன்னு தோணினா, வீட்டுல செஞ்சாலும் உணவுப் பாதுகாப்புத் துறையில பதிவு பண்ணணும்.

கருகிப் போன முதல் ரவுண்டு

மூணு செங்கல், பழைய கம்பி வலை, கொட்டாங்குச்சிக் கரி. அடுப்பு ரெடி. மசாலா தடவின கோழி மேல சாஸை தாராளமா ஊத்தி நெருப்புல போட்டோம். அஞ்சே நிமிஷம்! மேலே தார் ரோடு, உள்ளே ரத்தம். தெருநாய்கூட மோந்து பார்த்துட்டு நகர்ந்துடுச்சு. நிஜமாத்தான்!

குடோன் படியில சத்தமில்லாம உக்காந்து பார்த்துட்டு இருந்த மாப்ளயோட அப்பா எந்திரிச்சு வந்தாரு. காலையில இருந்து எங்ககிட்ட "வாங்க"ன்னதைத் தவிர அவர் எதுவும் பேசல.

"தம்பி, தீ எரியறப்ப ஏன் போட்டீங்க? கரி மேல சாம்பல் பூக்கோணும். வெல்லம் இருக்கறதை மொதல்லயே ஊத்துனா கருகாம என்ன பண்ணும்? சித்த நகருங்க."

கரியை ஒரு பக்கமா ஒதுக்கினாரு. இன்னொரு பக்கம் கோழியை அடுக்கினாரு. திருப்பி, திருப்பி, அரைமணி நேரம். தொடைப்பகுதியில கத்தியால குத்திப் பார்த்து, வர்ற தண்ணி சிவப்பு இல்லாம தெளிவா இருந்ததும்தான் "இப்ப தடவுங்க"ன்னாரு. கடைசி அஞ்சு நிமிஷம். ரெண்டு கோட்டிங். சாஸ் பளபளன்னு ஒட்டிக்கிச்சு. பச்சைக் கோழியில பட்ட பிரஷ்ஷை நான் சாஸ் பாத்திரத்துல முக்கப் போனப்ப கையைத் தட்டி விட்டாரு. "தனிக் கிண்ணத்துல எடுத்துக்கங்க. அப்பறம் பாட்டல் பூரா வீணாப் போயிரும்."

"எப்படிங்கப்பா இவ்வளவு பொறுமை?"ன்னு கேட்டேன்.

"தறி ஓட்டறவனுக்கு வேற என்ன வேலைங்க தம்பி? எந்த இழை எப்ப அறுகும்னு பார்த்துட்டே நிக்கறதுதான்."

சாப்பிட உக்காந்தோம். புளிப்பு முதல்ல வந்து, மாம்பழ இனிப்பு நடுவுல வந்து, வரமிளகா கடைசியா வந்து காதுல உறைச்சுது. செம! அம்முச்சி தொட்டு நக்கிப் பார்த்து, "உப்பு ஒரு கல்லு கம்மி" அப்படின்னாங்க. அந்த வீட்டுல அதுதான் டிஸ்டிங்ஷனாம்.

அப்பத்தான் அப்பா, எலும்பைப் பார்த்துட்டே சொன்னாரு. "அடுத்த மாசம் மீதி நாலையும் எடைக்குக் குடுத்தர்றேன். கடைசி வருச ஃபீஸுக்கு ஆச்சு. நீ படிச்சு முடிச்சு மெட்ராஸோ ஓசூரோ போயிரு சாமி."

மாப்ள வாயில இருந்ததை முழுங்கல. "ரெண்டாச்சும் வெச்சுக்கங்கப்பா. ஃபீஸுக்கு நான் லோன் போட்டுக்கறேனுங்க."

"வெச்சு?"

"வெச்சுக்கங்கப்பா..."

தறி ஓடியிருந்தா இந்தப் பேச்சு நடந்திருக்காது. சத்தத்துல ஒருத்தர் சொல்றது ஒருத்தருக்குக் கேட்டிருக்காது. எட்டு வருஷமா அந்த வீட்டுல தள்ளிப் போட்ட பேச்சு, ஒரு தட்டு கோழிக்கு முன்னாடி வந்து உக்காந்துச்சு. நாங்க மூணு பேரும் தட்டைக் கழுவற சாக்குல குழாயடிக்கு நகர்ந்தோம். முடிவு என்னாச்சுன்னு நாங்களும் கேக்கல, அவனும் சொல்லல. திரும்பி வந்தப்ப அப்பாவும் புள்ளையும் ஒரே வலையில இருந்த கடைசி பீஸைப் பிச்சுட்டு இருந்தாங்க.

ராத்திரி கடைசி பஸ்ல ஹாஸ்டலுக்கு ஒரு பாட்டில் சாஸ் வந்துச்சு. ரெண்டு வாரம் தாங்கும்னு எழுதினேன்ல... ரெண்டு நாள்கூடத் தாங்கல. மெஸ் உப்புமாவுக்குக்கூட தொட்டுத் தின்னுட்டானுங்க பாவிங்க!

மாப்ள மட்டும் ஊர்லயே தங்கிட்டான். பத்து நாள் கழிச்சு ஒரு மத்தியானம் போன் பண்ணான். எடுத்தா காது கிழியற சத்தம். தடக்... தடக்... தடக்... "பாவு வந்துருச்சுடா!"ன்னு அதுக்கு நடுவுல கத்துறான்.

"எத்தனை தறிடா ஓடுது?"ன்னு நானும் கத்தினேன்.

அவனுக்குக் கேக்கல.